ஒன்பது ரூபாயின் பெயர்

சென்னை, 2 ஏப்ரல் 1938

அன்புள்ள பாத்திமுத்து அக்காவுக்கு, ரசாக்கின் ஸலாம்.

விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் மார்ச் 22 முதல் அமலில் இருக்கிறது. இதைக் காப்பிக் கடையில் கேட்டு எழுதவில்லை. ஒரு வக்கீல் அந்தச் சட்டத்தைத் தமிழில் புத்தகமாகப் போடுகிறார். எங்கள் அச்சகத்தில்தான் அச்சாகிறது. கெஜட்டைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு நான் பிழை பார்த்தேன். இரண்டு முறை படித்தேன். இரண்டாம் முறை பிழைக்காக அல்ல.

உங்களுக்குத் தெரிந்ததையே கீழே எழுதுகிறேன். இந்தத் தாளை நாளைக்கு ஒரு வக்கீலிடம் காட்ட வேண்டியிருக்கும்.

1926 அக்டோபரில் அத்தா சாக்கு வியாபாரத்துக்காக நம் கோட்டைமேட்டு வீட்டை பீர் முகம்மது ராவுத்தரிடம் 600 ரூபாய்க்கு ஒத்தி வைத்தார். வட்டி நம் மார்க்கத்தில் ஆகாது. அதனால் பத்திரத்தில் ‘பணத்துக்கு வட்டி இல்லை, வீட்டுக்கு வாடகை இல்லை’ என்று எழுதினார்கள். அதே நாளில் இன்னொரு தாளில், ஒத்திக்கு வாங்கிய வீட்டை ராவுத்தர் அத்தாவுக்கே மாதம் 9 ரூபாய் வாடகைக்கு விட்டதாக எழுதினார்கள். வீட்டு வரியும் பழுதுச் செலவும் அத்தாவுடையது. நாம் ஒரு நாள்கூட வீட்டை விட்டு வெளியே போகவில்லை.

சட்டம் சொல்வது இது. 1932 அக்டோபருக்கு முந்திய கடனில், அசலைப் போல் இரண்டு மடங்கு ஏற்கெனவே கட்டியிருந்தால் கடன் தீர்ந்துவிட்டது. கடன்பட்டவர் விவசாயியாக இருக்க வேண்டும். சரவணம்பட்டியில் அத்தா பேரில் இருக்கும் ஒன்றரை ஏக்கர் புன்செய் அதற்குப் போதும்.

ஒரு முள் இருக்கிறது. வட்டி விகிதம் எழுதாத ஒத்திக்குச் சட்டம் பொருந்தாது. நாம் கொடுத்துவந்த வாடகை உண்மையில் வட்டிதான் என்று அத்தா சத்தியம் செய்து சொல்ல வேண்டும். கோர்ட்டும் ஒப்புக்கொள்ள வேண்டும்.

ரசீதுகள் எல்லாம் இருக்கின்றனவா? தேதி, தொகை, யார் கையால் கொடுத்தது என்று மூன்றையும் பட்டியலாக எழுதி அனுப்புங்கள். அத்தாவின் முழங்கால் எப்படி இருக்கிறது? உங்கள் மகள் ஜாஹிதா எந்த வகுப்பு? நான் சுகம்.

தம்பி ரசாக்


கோயமுத்தூர், 14 ஏப்ரல் 1938

தம்பி ரசாக்குக்கு அக்காவின் துஆ.

அல்லாவின் கிருபையால் இங்கே எல்லோரும் சுகம். அத்தாவுக்கு வலது முழங்கால்தான் மழை மேகம் கண்டால் பிடித்துக்கொள்கிறது. சிறுவாணிக் குழாய் நம் தெருமுனைக்கு வந்தபின் தண்ணீருக்கு அலைச்சல் இல்லை.

ரசீதுகளை அத்தா கம்பியில் குத்தி வைத்திருந்தார். 1926 அக்டோபர் முதல் போன மார்ச் வரை நூற்று முப்பத்தெட்டு. ஒன்றுகூடக் குறையவில்லை. தாள்களைக் கழற்றி எண்ணும்போது அத்தா பார்த்துவிட்டார்.

“என்ன அம்மணி, கம்பியைத் துடைக்கறயா?”

“ரசாக் எத்தனைன்னு கேட்டிருக்கானுங்க அத்தா.”

“அவனுக்கு எதுக்கு? சாக்குக் கட்டை எண்ணச் சொன்னா மூணு தடவைக்கு மூணு எண்ணிக்கை சொல்றவன். நீயே எண்ணி எழுதிப் போடு.”

வேறொன்றும் கேட்கவில்லை. நானும் சட்டத்தைப் பற்றிச் சொல்லவில்லை. ராவுத்தரைத் தொட்டு எதையும் அவரிடம் எப்படிப் பேசுவது? பாக்கி விழுந்த மாதங்களில்கூட அந்த மனுஷர் வாசலில் வந்து நின்றதில்லை. பெருநாளைக்குக் கறி அனுப்பாமல் இருந்ததில்லை. அவர் மனதில் அது வாடகைதான் தம்பி. அத்தா மனதிலும் அப்படித்தான்.

பட்டியலைத் தனியே மடித்து வைத்திருக்கிறேன். நீ மாதாமாதம் அனுப்பும் மணியார்டர் தவறாமல் வருகிறது. உடம்பைப் பார்த்துக்கொள். மெஸ் சாப்பாட்டில் காரம் குறைத்துப் போடச் சொல்.

பாத்திமுத்து


சென்னை, 25 ஏப்ரல் 1938

அன்புள்ள அக்காவுக்கு, ஸலாம். இங்கே வெயில் தவிர வேறு குறை இல்லை.

பட்டியல் வந்தது. 138 மாதம், மாதம் 9 ரூபாய். மொத்தம் 1,242. இரண்டு மடங்கு அசல் 1,200. எல்லையைத் தாண்டிவிட்டோம்.

இன்னொரு கணக்கும் போட்டேன். வருஷத்துக்கு 108 ரூபாய் என்பது 600க்கு நூற்றுக்குப் பதினெட்டு. ஒரு பேச்சுக்கு, அத்தா நூற்றுக்கு ஒன்பது வட்டிக்குக் கடன் வாங்கி, இதே 108 ரூபாயை வருஷாவருஷம் கட்டியிருந்தால், வட்டி போக மீதி அசலில் கழிந்துகொண்டே வந்திருக்கும். முதல் வருஷம் 54 கழியும். அசல் குறையக் குறைய வட்டியும் குறையும், கழிவது கூடும். எட்டு வருஷம் முடியும்போது நாலைந்து ரூபாய்தான் பாக்கி நிற்கும். 1934லேயே வீடு நம்முடையது. இப்போது பதினொன்றரை வருஷம் கட்டியபிறகும் நாம் தரவேண்டியது அதே 600. வாடகையில் ஒரு காசும் அசலுக்குப் போகாது. கோர்ட்டில் மனுப் போட அத்தா சம்மதிக்கும்வரை இது நிற்காது. நாளை நானும், என் பிள்ளைகளும் கட்டலாம்.

இதை அத்தாவிடம் மெதுவாகச் சொல்லுங்கள்.

பட்டியலில் ஒன்று கேட்க வேண்டும். 1932 ஜூலை முதல் எல்லா ரசீதிலும் ‘பாத்திமுத்து கொடுத்தனுப்பியது’ என்று இருக்கிறது. அது 69 மாதம், 621 ரூபாய். சாக்கு வியாபாரம் படுத்தது அந்த வருஷம்தான். நான் அனுப்புவது மாதம் நான்கு ரூபாய். அதை முழுக்க வாடகைக்கே கொடுத்திருந்தாலும் 276. மீதி 345 ரூபாய் எங்கிருந்து வந்தது?

ரசாக்


கோயமுத்தூர், 20 ஜூன் 1938

தம்பிக்கு அக்காவின் துஆ. பதில் எழுத இரண்டு மாதம் ஆகிவிட்டது. நீ கவலைப்பட்டு அடுத்த வீட்டுக்காரர்களுக்குக் கார்டு போட்டாயாமே. யாருக்கும் ஒன்றுமில்லை. மழைக்கு முன் ஓடு மாற்றினோம், அந்த வேலையில் நாள் போய்விட்டது. இந்த வீட்டுக்கு இது ஐந்தாவது தடவை ஓடு மாற்றுவது. கூலி நாம்தான் கொடுத்தோம். உன் கணக்கில் சேர்த்துக்கொள்.

அத்தாவிடம் சொன்னேன். நீ போட்ட கணக்கை இரண்டு முறை படித்துக் காட்டினேன். எட்டு வருஷம் என்ற இடத்தில் நிறுத்தச் சொல்லி, விரலை மடக்கிப் பார்த்தார். பிறகு பேசினார்.

“கணக்கு சரிதான். அவன் எண்ணக் கத்துக்கிட்டான். ஆனா என்னைக் கோர்ட்ல நின்னு, பன்னெண்டு வருஷமா வட்டி குடுத்தேன்னு சத்தியம் பண்ணச் சொல்றானா?”

“அது வட்டி இல்லீங்களா அத்தா?”

“வட்டி வேண்டாம்னுதானே அம்மணி ஒத்தி எழுதினேன். அன்னைக்கு வட்டிக்கடைச் செட்டியாரு நூத்துக்கு ஒம்பதுக்குத் தரேன்னாரு. நான் எந்திரிச்சு வந்தேன். பீர் முகம்மதும் நானும் ஒரே பள்ளியில நின்னு தொழுகறவங்க. நான் வட்டி குடுத்தேன்னு சொன்னா, அவரு வட்டி வாங்கினாருன்னு ஆகுது. ரெண்டு பேரையும் ஒரே கையெழுத்துல கொன்னுபோடச் சொல்றீங்க.”

செட்டியார் ஒன்பதுக்குத் தருவதாகச் சொன்னது எனக்கு அன்றுதான் தெரியும். நீ ஒரு பேச்சுக்கு என்று எழுதிய வட்டி அதுவே.

ஜாஹிதா வீட்டிலேயே படிக்கிறாள். கையெழுத்து நன்றாக வருகிறது.

பாத்திமுத்து


சென்னை, 1 ஜூலை 1938

அக்காவுக்கு, ஸலாம். சுகம். இந்த மாதம் முதல் ஆறு ரூபாய் அனுப்புகிறேன்.

ஜாஹிதா எந்த வகுப்பு என்று கேட்டேன். வீட்டில் படிக்கிறாள் என்று எழுதியிருக்கிறீர்கள். 345 ரூபாயைப் பற்றிக் கேட்டேன். ஓடு மாற்றியதை எழுதியிருக்கிறீர்கள்.

ஐந்தாறு வருஷமாகப் பெருநாளைக்கு நான் வரும்போதெல்லாம் உங்கள் கையில் கண்ணாடி வளையல்தான் இருக்கிறது. கேட்டதற்கு, வேலைக்கு இதுதான் வசதி என்றீர்கள். மச்சான் மவுத்தாகி அடக்கம் செய்த அன்றுகூட அம்மா உங்கள் தங்க வளையலைக் கழற்றவிடவில்லை. அது எனக்கு நினைவிருக்கிறது.

ரசாக்


கோயமுத்தூர், 28 ஜூலை 1938

தம்பிக்கு,

நகையெல்லாம் பத்திரமாக இருக்கிறது. வரதராஜுலு நாயுடு கடை இரும்புப் பெட்டியில் இருக்கிறது. 1932 ஜூலையில் வளையல், 120 ரூபாய்க்கு. 1934 ஜூலையில் அட்டியல், 150. அதற்கு இரண்டு வருஷம் கழித்துக் கம்மல், 75. நீ கேட்ட தொகைக்குச் சரியாக வருகிறது. நீ கேட்கும்வரை நான் கூட்டிப் பார்த்ததில்லை.

நாயுடு நல்ல மனுஷர். ரூபாய்க்கு மாதம் காலணாதான். பஞ்சு அரவை ஆலையிலிருந்து கிழிந்த சாக்குகள் வருகின்றன. தைத்துக் கொடுத்தால் சாக்குக்குக் காலணா கிடைக்கும். நானும் ஜாஹிதாவும் தைக்கிறோம். அதில் நாயுடுவுக்குக் கொடுத்துவிடுவோம். இரண்டு வருஷமாக அவள் பள்ளிக்கூடம் போகவில்லை. போன வருஷக் கடைசியிலிருந்து ஆலையில் சாக்கு குறைவாகத்தான் தருகிறார்கள்.

வாடகை முழுக்க நீ அனுப்புவதாகவே அத்தா நினைத்துக்கொண்டிருக்கிறார். தெருவில் எல்லோரிடமும், என் மகன் ஒன்பது ரூபாய் அனுப்புகிறான், வட்டிக்கடைப் படி ஏறாத வீடு இது என்று சொல்வார். அதைக் கேட்டுக்கொண்டு நான் உள்ளே தைத்துக்கொண்டிருப்பேன். அவருக்குத் தெரிய வேண்டாம். இந்தக் கடிதத்தைக் கிழித்துப் போடு.

பாத்திமுத்து


கோயமுத்தூர், 11 செப்டம்பர் 1938

மகன் ரசாக்குக்கு மஸ்தான் ராவுத்தர் துஆச் செய்து எழுதுவது. உன் சுகத்துக்கு எழுதவும்.

போன மாதம் 30ஆம் தேதி தபால்காரர் ஒரு கார்டு கொடுத்தார். உன் அக்கா சரவணம்பட்டிக்குப் போயிருந்தாள், நம் நிலத்தை உழும் கருப்புசாமியிடம் நமக்குச் சேரவேண்டிய வாரப் பங்குச் சோளம் வாங்கிவர. மடக்காத கார்டு, படித்தேன். பத்து மாதமாக வட்டி வராததால் பாத்திமுத்து பேரில் உள்ள மூன்று அடகு நகைகளும் ஏலத்துக்குப் போகும் என்று வரதராஜுலு நாயுடு எழுதியிருந்தார்.

நான் தடியை ஊன்றிக்கொண்டு நாயுடு கடைக்குப் போனேன். பன்னிரண்டு வருஷமாக நான் ஏறமாட்டேன் என்று சொன்ன படி. நாயுடு, “உங்க மக ஆறு வருஷமா வாராங்க, உங்களுக்குத் தெரியாதுங்களா?” என்றார். பேரேட்டைத் திருப்பிக் காட்டினார். ஜூலை வரை வட்டி மட்டும் 275 ரூபாய் 10 அணா ஆகியிருக்கிறது. ஏலத்தை மார்ச் 31 வரை நிறுத்திவைக்கச் சம்மதித்தார்.

சரவணம்பட்டி நிலத்தை விற்று நகையை மீட்கலாம் என்று வக்கீல் திருமலைசாமியிடம் போனேன். நிலத்தை விற்றால் நீங்கள் விவசாயி இல்லை, மனுவும் இல்லை என்றார்.

வாடகை என்று நான் கொடுத்ததற்காக உன் அக்கா வட்டி கொடுத்திருக்கிறாள். என் பேர் கெடாமல் இருக்க அவள் பேரில் எழுதிக்கொண்டாள். இனி அந்த ஒன்பது ரூபாய்க்கு வேறு பெயர் சொல்ல எனக்கு வாய் வராது. 7ஆம் தேதி சத்தியம் செய்து மனுவில் கையெழுத்துப் போட்டேன். முனிசீப் கோர்ட்டில் டிசம்பர் 12ஆம் தேதி விசாரணை.

பாத்திமுத்துவிடம் நான் எதுவும் கேட்கவில்லை. நீயும் கேட்க வேண்டாம்.

மஸ்தான் ராவுத்தர்


கோயமுத்தூர், 30 நவம்பர் 1938

தம்பி ரசாக்குக்கு அக்காவின் துஆ. பெருநாளை உன்னை விட்டுவிட்டுக் கொண்டாடியது இது முதல் தடவை. சேமியாவில் சர்க்கரை கூடிவிட்டது என்று அத்தா சொன்னார். உடம்பு தேறியிருக்கிறார்.

பீர் முகம்மது ராவுத்தர் ஹஜ்ஜுக்குப் போகிறார். சனிக்கிழமை பம்பாய்க்கு ரயில். போகிறவர் எல்லோரிடமும் தன் பிழையைப் பொறுக்கச் சொல்லிப் பொறுப்புக் கேட்டுவிட்டுத்தானே கப்பல் ஏற வேண்டும். ஒரு வாரமாகத் தெருத்தெருவாகப் போய்க் கேட்டுவந்தார். நம் தெருவை மட்டும் விட்டிருந்தார். மனு தாக்கலானபின் அவர் பள்ளிவாசலில்கூட அத்தா பக்கம் நின்றதில்லை. நேற்று சாயங்காலம் அஸர் தொழுகை முடிந்து வந்தார். நான் திரைக்குப் பின்னால் இருந்தேன். நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

“மஸ்தான், நான் கப்பல் ஏறப் போறேன். அறிஞ்சோ அறியாமலோ ஏதாச்சும் செஞ்சிருந்தா பொறுத்துக்கோணும்.”

“உக்காருங்க. எதைப் பொறுத்துக்கறதுங்க?”

“எல்லாத்தையும்தான்.”

“எல்லாம்னா எனக்கு விளங்கலீங்களே. மாசம் ஒம்பது ரூவா குடுத்தேன். அது வாடகைன்னா நீங்க எனக்கு ஒண்ணுமே செய்யலை, பொறுத்துக்க எதுவுமில்லை. வட்டின்னா, இப்பவே இந்த இடத்துலயே பொறுத்துக்கறேன். எதுன்னு நீங்க சொல்லோணும்.”

“அதுதான் கோர்ட்ல நீங்க சொல்லிப்போட்டீங்களே.”

“நான் குடுத்தவன். என் பங்கைச் சொன்னேன். வாங்கினவரு பங்கை நான் எப்படிங்க சொல்றது?”

ராவுத்தர் தண்ணீர் கேட்டார். ஜாஹிதா கொண்டுபோய்க் கொடுத்தாள். “சிறுவாணித் தண்ணியா?” என்று கேட்டார். ஆமாம் என்றாள். முழுச் செம்பும் குடித்தார். அவள் விரல் நுனிகளில் கோணி ஊசி குத்திய தழும்பு இருக்கிறது. அதை அவர் பார்த்தார் என்று எனக்குத் தோன்றியது. நிச்சயமாகத் தெரியாது.

“போய்ட்டு வந்து சொல்றேன், மஸ்தான்.”

“வந்து சொல்றதா இருந்தா, போறதுக்கு முன்னால எதுக்குங்க கேட்டீங்க?”

அத்தா இதைச் சிரித்துக்கொண்டுதான் சொன்னார். ராவுத்தரும் சிரித்தார். அப்புறம் இருவரும் சிரிக்கவில்லை. எழுந்தபோது அத்தாவின் தோளில் கை வைத்தார். அத்தா அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு வாசல்வரை தடி இல்லாமல் போனார். பொறுத்துக்கொண்டேன் என்ற வார்த்தையைச் சொல்லவில்லை.

ராத்திரி சாப்பிடும்போது என்னிடம், “அவரு கடல் தாண்டிப் போறவரு, அம்மணி. நான் சொல்லியிருக்கலாமோ?” என்றார். பதில் உனக்குத் தெரிந்தால் எழுது.

பாத்திமுத்து


சென்னை, 8 டிசம்பர் 1938

அன்புள்ள அக்காவுக்கு, ஸலாம்.

எனக்கும் தெரியவில்லை.

அந்த வீட்டுக்கு ஆன விலையை எழுதிப் பார்த்தேன். ராவுத்தருக்குப் போனது மார்ச் வரை 1,242. நாயுடுவின் வட்டி 275 ரூபாய் 10 அணா, இன்னும் ஏறுகிறது. ஓட்டுக் கூலியும் வீட்டு வரியும் தனி. அசல் 600 அப்படியே நிற்கிறது. ஜாஹிதாவின் இரண்டு வருஷத்தை எந்த வரியில் எழுதுவது என்று தெரியவில்லை. தாளில் ஒரு வரியைக் காலியாக விட்டிருக்கிறேன்.

ஏப்ரலில் முதல் கடிதத்தை எழுதியபோது இது சட்டத்தைப் பற்றிய விஷயம் என்று நினைத்தேன்.

அச்சகத்தில் பஞ்சாங்க வேலை வந்திருக்கிறது. கூடுதல் நேரம் பிழை பார்க்கிறேன். இத்துடன் பதினைந்து ரூபாய் மணியார்டர். இதை வாடகைக்கோ நாயுடுவுக்கோ கொடுக்காதீர்கள். ஜனவரியில் ஜாஹிதாவைப் பள்ளிக்கூடத்தில் சேருங்கள்.

ரசாக்


கோயமுத்தூர், 5 ஜனவரி 1939

தம்பிக்கு அக்காவின் துஆ. மூவரும் சுகம்.

ஜாஹிதாவைச் சேர்த்தாயிற்று. தன்னைவிடச் சின்னப் பிள்ளைகளோடு உட்கார வேண்டியிருக்கிறது. முதல் நாள் அழுதாள். இரண்டாம் நாள், கணக்கு வாத்தியாரம்மா கரும்பலகையில் வட்டிக் கணக்குப் போட்டதாகவும், வகுப்பில் தான் மட்டும் முடித்ததாகவும் வந்து சொன்னாள்.

டிசம்பர் 12ஆம் தேதி அத்தாவைக் கருப்புசாமி வண்டியில் கூட்டிப்போனார். எதிர்மனுதாரர் கப்பலில் இருப்பதால் முனிசீப் வாய்தா போட்டுவிட்டார்.

கோர்ட் முடிவாகும்வரை ஒன்பது ரூபாயைக் கொடுத்துவரும்படி வக்கீல் சொல்லியிருக்கிறார். டிசம்பர் வாடகைக்கு ராவுத்தரின் குமாஸ்தா வந்தார். தான் ஊரில் இல்லாத மாதங்களுக்கு ராவுத்தர் புறப்படும் முன்பே ரசீது எழுதிக் கையெழுத்துப் போட்டு அவரிடம் கொடுத்திருக்கிறார். டிசம்பர் முதல் மார்ச் வரை நான்கு. டிசம்பர் ரசீதை அத்தா வாங்கி, கண்ணாடி போட்டுப் படித்தார். பிறகு என்னிடம் கொடுத்தார். முந்தைய ரசீதுகள் எல்லாவற்றிலும் ‘வீட்டு வாடகைக்காக’ என்று ராவுத்தர் கையெழுத்தில் இருக்கும். இதில் ‘மஸ்தான் ராவுத்தரிடம் ரூபாய் ஒன்பது பெற்றுக்கொண்டேன்’ என்று மட்டும் இருந்தது. எதற்காக என்று எழுதும் இடம் வெறுமையாக இருந்தது.

“மத்த மூணும் இப்படித்தானுங்களா?” என்று குமாஸ்தாவைக் கேட்டேன். எடுத்துக் காட்டினார். நான்கிலும் அப்படியே.

வக்கீல் திருமலைசாமியிடம் காட்டியபோது, கோர்ட்டில் இது எதையும் நிரூபிக்காது என்றார். மறந்திருக்கலாம், அவசரத்தில் விட்டிருக்கலாம் என்றார். இருக்கலாம். அத்தா அதைக் கம்பியில் குத்தவில்லை. தன் தொப்பி வைக்கும் மாடத்தில் தனியாக வைத்திருக்கிறார். அன்று அந்தி நேர மஃரிப் தொழுகைக்குப் பிறகு வெகுநேரம் துஆக் கேட்டார். கடைசியில் பீர் முகம்மதின் பெயர் காதில் விழுந்தது.

ராவுத்தரின் கப்பல் மார்ச் பதினைந்து வாக்கில் பம்பாய் சேரும் என்று அவர் வீட்டில் சொல்கிறார்கள். நாயுடுவின் தவணை மார்ச் 31. முனிசீப் கோர்ட்டில் வழக்கு ஏப்ரல் 17, திங்கட்கிழமை. ராவுத்தர் ஊர் வந்ததும் நேராக நம் வீட்டுக்குத்தான் வருவார் என்கிறார் அத்தா. அதனால் வாசல் சுவருக்கு இப்போதே வெள்ளை அடிக்கச் சொல்கிறார். கூலி யார் கொடுப்பது என்று கேட்டேன். அதையும் அவர் வந்துதான் சொல்ல வேண்டும் என்றார்.

பாத்திமுத்து